கலியாண வீட்டில் சங்கு

படம் தொடங்கிக் கால்மணி நேரத்துக்குள் நானும் என் கணவரும் இரண்டு பேரைச் சாகடித்துவிட்டோம். அந்த இரண்டு பேரும் படம் முடியும்வரை உயிரோடுதான் இருந்தார்கள் என்பது பிறகுதான் தெரிந்தது.

அது ஒரு வங்காளப் படம். மகன் அனுப்பியிருந்தான். ஜேர்மனியில் வால்டோர்ஃப் என்கிற ஊரில் கணினி வேலை பார்க்கிறவன், கூட வேலை பார்க்கிற வங்காளப் பெண்ணைக் கட்டப்போகிறேன் என்று சொல்லி ஒரு மாதம் ஆகியிருந்தது. பெண்ணை வீட்டுக்குக் கூட்டி வந்து காட்டியும்விட்டான். எனக்குப் பிடித்துப்போயிற்று. ஆனால் அவளுடைய ஊர் எப்படி, அடுப்படி எப்படி, காலையில் என்ன சாப்பிடுவார்கள், கோபம் வந்தால் கத்துவார்களா அல்லது கதைக்காமல் இருப்பார்களா என்று எனக்கு ஆயிரம் கேள்வி. யாழ்ப்பாணத்தில் இந்தக் குணத்துக்கு விடுப்பு என்று பெயர். அடுத்த வீட்டு வேலிப் பொட்டுக்குள்ளால் பார்க்கிற ஆசை. எனக்கு அது கூடப்பிறந்தது. முப்பது வருடத்துக்கு மேலான ஜேர்மன் வாழ்க்கையாலும் அதைக் குறைக்க ஏலவில்லை. என் கேள்விகளுக்குப் பதில் சொல்லிக் களைத்துப்போன மகன் ஒருநாள் இந்தப் படத்தை அனுப்பினான்.

"அம்மா, இதைப் பாருங்கோ. அவளின்ர அம்மா அப்பா இருக்கிற ஊர் இப்பிடித்தானாம். கீழ ஜேர்மனில எழுத்து ஓடும்."

என் கணவர் நாங்கள் இருக்கிற பீலெஃபெல்டில் பஸ் ஓட்டுகிறவர். ஞாயிற்றுக்கிழமை பின்னேரம் அவரைப் பிடித்து இருத்திப் படம் காட்டுவது லேசான காரியமில்லை. தேத்தண்ணியும் தட்டை வடையும் வைத்து இருத்தினேன்.

ஒரு குளம். கரையில் வாத்துகள். சிவப்புக் கரை போட்ட வெள்ளைச் சேலையோடு ஓர் இளம்பெண் குடத்தைத் தூக்கிக்கொண்டு வருகிறாள்.

"ஐயோ பாவம். இந்த வயசில புருஷனைப் பறிகுடுத்திட்டுது" என்றார் அவர்.

நானும் உச்சுக்கொட்டினேன். கொஞ்ச நேரத்தில் ஒருவன் சைக்கிளில் வந்து இறங்கினான். அவள் அவனுக்குச் சோறும் மீனும் போட்டுப் பக்கத்தில் இருந்து விசிறினாள். அவன் ஏதோ பகிடி சொல்ல, அவள் வெட்கப்பட்டு முகத்தை மூடினாள்.

"இதார்?" என்று கேட்டேன்.

"தமையனா இருக்கும்."

"தமையனுக்கு ஆரும் இப்பிடி வெக்கப்படுவினமே?"

அவர் ஒரு வடையை எடுத்துக் கடித்தார். படத்தில் பொழுது பட்டது. கட்டிலில் ஒரு வயதான மாமியார் இருமிக்கொண்டு கிடந்தார். இளம்பெண் முற்றத்துத் துளசிக்கு விளக்கு வைத்தாள். முந்தானையைத் தலையில் இழுத்துப் போட்டுக்கொண்டு ஒரு வெண்சங்கை எடுத்தாள். கண்ணை மூடி மூன்று தரம் ஊதினாள்.

நாங்கள் இரண்டு பேரும் தேத்தண்ணிக் கோப்பையைக் கீழே வைத்துவிட்டோம்.

கோயிலில் பூசைக்கு ஊதுகிற சங்கு வேறு. எங்களூரில் ஒரு வீட்டு வாசலில் சங்கு ஊதினால் அது செத்த வீடு. வேறு பேச்சே இல்லை. தூரத்தில் கேட்டால்கூட அரிசி களைகிற கை ஒரு கணம் நிற்கும். யாரென்று அறிந்துவர ஆள் போகும்.

"கிழவி முடிஞ்சுது" என்றார் அவர் மெதுவாக.

பிணத்தைக் காட்டுவார்கள், ஒப்பாரி வரும் என்று காத்திருந்தோம். மறுநாள் காலையில் அந்தக் கிழவி எழும்பி இருந்துகொண்டு, தேத்தண்ணிக்குச் சீனி காணாதென்று மருமகளைத் திட்டினார். பொழுது பட்டது. திரும்பவும் சங்கு. அடுத்த நாளும் சங்கு.

"உந்த ஊரில நாளுக்கு ஒராள் போகுதோ? ஏதும் வருத்தம் பரவுதோ?" என்று அவர் உண்மையான கவலையோடு கேட்டார்.

எனக்குப் பொறுக்கவில்லை. படத்தை நிறுத்திவிட்டு, மகன் கட்டப்போகிற பெண்ணுக்கு வீடியோவில் அழைப்பு எடுத்தேன்.

நானும் அவளும் கதைப்பது ஜேர்மனில். எனக்கு ஒரு விதமாகப் பிழை வரும், அவளுக்கு வேறு விதமாக வரும். இரண்டு பேரும் ஒருவரையொருவர் திருத்துவதில்லை என்பதால் சினேகிதம் நன்றாகவே போய்க்கொண்டிருந்தது. நான் விஷயத்தைச் சொன்னேன். அவள் சிரித்த சிரிப்பில் போன் கையிலிருந்து விழுந்து, கொஞ்ச நேரம் எனக்கு அவளுடைய அறையின் முகடுதான் தெரிந்தது.

"ஆன்ட்டி, யாருமே சாகவில்லை. அந்தப் பெண் விதவையும் இல்லை. சைக்கிளில் வந்தவன்தான் அவளுடைய கணவன்!"

"அப்ப வெள்ளைச் சேலை?"

"சிவப்புக் கரை இருக்கிறதே. அது கலியாணம் கட்டினவள் உடுப்பது. பூசைக்கும் நல்ல நாளுக்கும் அம்மா அதைத்தான் உடுப்பார்."

"சங்கு?"

"விளக்கு வைக்கிற நேரத்தில் லட்சுமி வீட்டுக்குள் வரவேண்டும் என்று ஊதுவது. பிள்ளை பிறந்தால் ஊதுவோம். கலியாணத்தில் ஊதுவோம். கலியாணத்தில்தான் அதிகம்."

கலியாணத்தில் சங்கு. நான் அதை மனதுக்குள் இரண்டு மூன்று தரம் சொல்லிப் பார்த்தேன். உள்ளே போக மறுத்தது. அவள் தன் தாயின் படம் ஒன்றைக் காட்டினாள். உருண்டை முகம், நெற்றி வகிட்டில் குங்குமம், இரண்டு கையிலும் தடித்த வெள்ளை வளையல். அந்த வளையலும் சங்குதானாம். சங்கைக் குறுக்காக அரிந்து வளையலாக்கி, மணமகளுக்குப் போடுவார்களாம். எங்களுக்குத் தாலி எப்படியோ, அவர்களுக்கு அது அப்படி.

எனக்கு உடம்பு சிலிர்த்துவிட்டது. காரணம் இருக்கிறது. நான் பிறந்த ஊர் கடற்கரை. அங்கே சங்கு குளிக்கிறவர்கள் இருந்தார்கள். கடலின் அடியில் போய்ச் சங்கு பொறுக்கி வருகிறவர்கள். கரையில் குவியலாகக் கிடக்கும். உள்ளே இருக்கிற சதை அழுகி வாசம் ஊரைத் தூக்கும். நாங்கள் மூக்கைப் பொத்திக்கொண்டு பள்ளிக்கூடம் போவோம். ஒரு முதலாளி வந்து, ஓட்டை போட்ட பலகையொன்றுக்குள்ளால் ஒவ்வொரு சங்கையும் விட்டுப் பார்ப்பார். விழுந்தால் சிறிசு, விழாவிட்டால் பெரிசு. பெரிசெல்லாம் கல்கத்தாவுக்குப் போகிறதென்று சொல்லுவார்கள். இவ்வளவு சங்கை வைத்து அங்கே என்ன செய்கிறார்கள், அவ்வளவு பேரா சாகிறார்கள் என்று நான் ஐயாவைக் கேட்டு ஏச்சு வாங்கியிருக்கிறேன். அந்தக் கேள்விக்குப் பதில் கிடைக்க எனக்கு ஐம்பத்தைந்து வயது ஆகவேண்டியிருந்தது, அதுவும் பீலெஃபெல்டில் ஒரு சோபாவில் இருந்துகொண்டு.

"கேட்டியளே, எங்கட கடல் சங்கு அங்க பொம்பிளையளின்ர கையில வளையலாக் கிடக்குதாம்" என்று அவரிடம் சொன்னேன்.

"ம்" என்றார். வடையைக் கடிக்காமல் கையில் வைத்துக்கொண்டிருந்தார். நான் அதைக் கவனித்தேன். ஆனால் அப்போது எனக்குப் படம் முக்கியமாக இருந்தது.

இனி எல்லாவற்றையும் சரியாக விளங்கிக்கொண்டு பார்க்கலாமென்று படத்தைத் திரும்ப ஓடவிட்டேன். அந்த மருமகளுக்குப் பட்டணத்து ஆஸ்பத்திரியில் தாதி வேலைக்குப் படிக்க இடம் கிடைக்கிறது. கணவன் போ என்கிறான். மாமியார் வாய் திறந்து போகாதே என்று சொல்லவில்லை. விளக்கு வைக்கிற நேரத்தில் சங்கை எடுத்து மடியில் வைத்துக்கொண்டு இருந்தார், அவ்வளவுதான். அவருக்கு இளைப்பு வருத்தம், ஊத மூச்சு இல்லை. ஆண்கள் ஊதுகிற வழக்கம் அந்த வீட்டில் இல்லை. மருமகள் போனபின் பொழுது படுகிறது, விளக்கு எரிகிறது, சத்தமே இல்லை. பக்கத்து வீட்டில் தொலைக்காட்சித் தொடரின் பாட்டு மட்டும் கேட்கிறது. கிழவியின் மகன் சங்குச் சத்தத்தைப் போனில் பதிந்து போட்டுக் காட்டுகிறான். மாமியார் தலையை ஆட்டி மறுக்கிறார். நேற்று ஊதினது இன்றைக்குச் செல்லாதாம். அந்தந்த நாள் மூச்சு வேண்டுமாம். இந்த இடத்தில் எனக்கு அந்தக் கிழவியைப் பிடித்துவிட்டது. பிடிவாதம்தான், ஆனால் கணக்கான பிடிவாதம்.

பிறகு ஒருநாள் பொழுது படுகிற நேரம் போன் அடிக்கிறது. பட்டணத்தில் விடுதி மொட்டைமாடியில், தண்ணீர்த் தொட்டிக்குப் பின்னால் மறைந்து நின்று, மருமகள் போனுக்குள் சங்கை ஊதுகிறாள். இங்கே மாமியார் நடுங்குகிற கையால் போனைத் துளசிக்கு முன்னால் நீட்டிப் பிடிக்கிறார். போனுக்குள்ளால் வருகிற சங்கு கரகரவென்று, அரைவாசி காற்றும் அரைவாசி ஒலியுமாக முற்றத்தில் கேட்கிறது.

நான் திரும்பிப் பார்த்தேன். கணவரின் கதிரை வெறுமையாக இருந்தது.

குசினியில் இல்லை. பல்கனியில் இல்லை. கீழே போய்ப் பார்த்தேன். எங்கள் கட்டடத்துக்குப் பின்னால் சைக்கிள் நிறுத்துகிற கொட்டில் இருக்கிறது. அங்கே நின்று, மகன் பள்ளிக்கூடக் காலத்தில் ஓடிய பழைய சைக்கிளுக்குக் காற்றடித்துக்கொண்டிருந்தார். பத்து வருடமாக ஒருவரும் தொடாத சைக்கிள்.

"என்னப்பா, படம் பிடிக்கேல்லையே?"

"காத்துப் போய்க் கிடந்தது" என்றார்.

இது பொய்யென்று தெரிந்தும் அன்றைக்கு நான் மேலே கேட்கவில்லை. என்னைத் தெரிந்தவர்கள் இதை நம்பமாட்டார்கள்.

அடுத்த கிழமை மகன் போன் எடுத்தான். பெண் வீட்டார் எங்கள் முறைப்படி, ஹம் நகரில், ஊன்ட்றொப் அம்மன் கோயிலுக்குக் கிட்டவுள்ள மண்டபத்தில் கலியாணத்தை வைக்க ஒத்துக்கொண்டார்களாம். எங்கள் ஐயர், எங்கள் மேளம், எங்கள் தாலி, எல்லாம் சரியாம். ஒன்றே ஒன்றுதான் கேட்கிறார்களாம். தாலி கட்டுகிற நேரம் பெண்ணின் தாய் சங்கு ஊதவேண்டும்.

அதிலும் ஒரு புதினம். அவர்களுடைய வழக்கத்தில் தாய், தன் பிள்ளையின் கலியாணத்தைக் கண்ணால் பார்க்கக்கூடாதாம். கண்ணூறு பட்டுவிடுமாம். அவர் பக்கத்து அறையில் இருந்து ஊதுவாராம். கல்கத்தாவில் ஏறி, இரண்டு விமானம் மாறி வந்து, கலியாணத்தைப் பார்க்காமல் கதவுக்குப் பின்னால் இருக்கப்போகிற ஒரு மனுசியை நினைக்க எனக்கு வியப்பாக இருந்தது. என்னைக் கட்டிப்போட்டால்கூட நான் இருக்கமாட்டேன். பார்க்கக்கூடாது, ஆனால் கேட்கலாம், ஊதலாம். அந்த ஊதல் ஒன்றுதான் அவருடைய பங்கு.

நான் போனை ஒலிபெருக்கியில் போட்டிருந்தேன். என் கணவர் கேட்டுக்கொண்டிருந்தார்.

"சங்கு ஊத ஏலாது" என்றார்.

"ஏன் அப்பா?" என்று மகன் கேட்டான்.

"சனம் என்ன சொல்லும்? கலியாண வீட்டில சங்கோ எண்டு சிரிக்கும்."

"சனத்துக்கு நான் சொல்லி விளங்கப்படுத்திறன். அழைப்பிதழிலயே அடிச்சு விடலாம்."

"நீ என்னவும் அடி. அங்க சங்கு கேட்டால் நான் எழும்பிப் போயிடுவன்."

மகன், "அம்மா, ஒலிபெருக்கியை நிப்பாட்டுங்கோ" என்றான். நிறுத்தினேன். "அப்பாக்கு அவளைப் பிடிக்கேல்லை. அதை நேர சொல்ல ஏலாமல் சங்கில சாட்டுறார். எனக்கு விளங்குது" என்றான். குரல் உடைந்திருந்தது. ஜேர்மனியில் பிறந்த பிள்ளை, கோபம் வந்தால் ஜேர்மனுக்கு மாறிவிடுவான். அன்றைக்குத் தமிழிலேயே சொன்னான். அதுதான் எனக்கு வலித்தது.

தகப்பன் இல்லாமல் மணவறையில் எப்படி அவன் இருப்பான்? தாயின் சங்கு இல்லாமல் அவள் எப்படி இருப்பாள்? இந்த இரண்டையும் யோசித்து எனக்குச் சமையலில் உப்பு மாறிப் போகத் தொடங்கியது. நான் வேலை செய்கிற முதியோர் இல்லத்துக் குசினியில் ஒருநாள் சூப்புக்கு இரண்டு தரம் உப்புப் போட்டு ஏச்சு வாங்கினேன்.

இவருக்குப் பெண்ணைப் பிடிக்காமலில்லை. அது எனக்குத் தெரியும். அவள் வந்த அன்றைக்கு அவளுக்கு மீனில் முள் எடுத்து வைத்தவர் இவர். அவளோ, முள் எடுப்பதில் எங்கள் எல்லாரையும் தோற்கடிக்கிறவள் என்று பிறகு கண்டோம். அப்படியென்றால் சங்கில் என்ன இருக்கிறது?

மண்டபம் பார்க்க நாங்கள் இரண்டு பேரும் காரில் ஹம்முக்குப் போனோம். ஓட்டோபான் நெடுஞ்சாலையில் ஏதோ விபத்து, வாகனமெல்லாம் நின்றுவிட்டது. என்ஜினை நிறுத்திவிட்டு முன்னால் நிற்கிற லொறியின் முதுகைப் பார்த்துக்கொண்டு இருந்தோம். நான் கேட்கவில்லை. கேட்காமல் இருப்பது எனக்குப் பல்வலியைப் பொறுப்பதுபோல இருந்தது. அவராகவே தொடங்கினார்.

"அம்மான்ர செத்த வீட்டை நான் போனில கேட்டுக்கொண்டு நிண்டனான்."

என் மாமியார் ஊரில் செத்தபோது மகன் சின்ன வகுப்பில் படித்துக்கொண்டிருந்தான். எங்களிடம் அப்போது அகதிகளுக்குக் கொடுக்கிற நீலப் பயணப் புத்தகம்தான். இலங்கை தவிர மற்ற நாடுகளுக்குச் செல்லும் என்று அதில் எழுதியிருக்கும். போகமுடியவில்லை. செத்த வீடு நடந்த நேரம் நான் காலை வேலைக்குப் போயிருந்தேன். நான் திரும்பி வரும்போது இவர் போர்த்துக்கொண்டு படுத்திருந்தார். அழுது முடித்து நித்திரை கொள்கிறார் என்று நினைத்தேன். இத்தனை வருடமும் அப்படித்தான் நினைத்திருந்தேன்.

"கீழ சைக்கிள் கொட்டிலுக்குள்ள நிண்டனான். தம்பியிட்டச் சொன்னனான், அம்மாவைத் தூக்கேக்க போனைப் பிடியடா, நான் கேக்கவேணும் எண்டு. அவன் பிடிச்சவன்தான். பிறகு தோள் குடுக்க ஆக்கள் காணாதெண்டு அவனைக் கூப்பிட்டிட்டினம். அவன் போனைச் சட்டைப் பொக்கற்றுக்குள்ள வைச்சிட்டான்."

முன்னால் லொறி ஒரு முழம் நகர்ந்து நின்றது. இவர் காரை எடுக்கவில்லை.

"துணி உரசிற சத்தம். அவன்ர மூச்சு. அதுக்குள்ளால சங்கு. நான் 'கேக்குதோ, கேக்குதோ' எண்டு கத்திக்கொண்டு நிண்டனான். ஒருத்தரும் ஒண்டும் சொல்லேல்லை. சங்கு மட்டும் வரவரத் தூரப் போச்சுது. போன் பாடையோடதானே போகுது. பிறகெப்பிடிச் சங்கு தூரப் போகும்? அது எனக்கு இண்டைக்கும் விளங்கேல்லை."

பின்னால் நின்ற கார்க்காரன் ஹோர்ன் அடித்தான்.

"பிள்ளைக்குச் சொல்லாதையும்" என்றார் காரை எடுத்துக்கொண்டே. "கலியாணம் கட்டப்போற பிள்ளைக்குச் செத்த வீட்டுக் கதை சொல்லப்படாது."

இருபது வருடத்துக்கு மேலாக, ஊராருடைய வீட்டுச் சங்கதியெல்லாம் கேட்டு அறிந்த எனக்கு, ஒரே கட்டிலில் படுக்கிற மனிதரின் இந்தச் சங்கதி தெரியாமல் போயிற்று. விடுப்புக்காரி என்று பெயர் எடுத்து என்ன பிரயோசனம்? என்மேலேயே எனக்குக் கோபம் வந்தது.

மகனுக்குச் சொல்லவில்லை. சொல்லாததால் அவன் தகப்பனோடு தேவைக்கு மட்டும் கதைத்தான்.

வைகாசி பிறந்தபோது வேறு செய்தி வந்தது. பெண்ணின் தாய் தகப்பனுக்கு விசா டெர்மின், தூதரகம் தருகிற தேதி, கலியாணத்துக்குப் பதினொரு நாள் பிந்தித்தான் கிடைத்தது. கடவுச்சீட்டுப் புதுப்பித்து வரத் தாமதமாகிவிட்டதாம். மண்டபத்தை மாற்ற முடியாது, நாளையும் மாற்ற முடியாது. பெண் எனக்கு அழைத்து, அழாமல் பேச முயன்றாள்.

"அப்பா அங்கே உறவினரோடு இருந்து நேரடி ஒளிபரப்பைப் பார்ப்பார். அம்மா பார்க்கமாட்டார், உங்களுக்குத் தெரியும். ஒளிபரப்பு அரை நிமிடம் பிந்தி வருமாம். அதை நம்பி ஊதினால் தாலி கட்டி முடிந்திருக்கும். அதனால் அம்மா சாமியறையில் போனோடு இருப்பார். போனில் மேளம் உரத்துக் கேட்டதும் ஊதுவார். ஆன்ட்டி, அங்கிள் ஒத்துக்கொள்வாரா?"

அந்தப் படத்தில் தண்ணீர்த் தொட்டிக்குப் பின்னால் நின்று ஊதினவள் நினைவுக்கு வந்தாள். நான், "கேட்டுச் சொல்லுறன்" என்றேன். அவர் வேலைக்குப் போகச் சப்பாத்துப் போட்டுக்கொண்டு இருந்தபோது விஷயத்தைச் சொன்னேன்.

"போனிலயோ?" என்று கேட்டார்.

"ஓம். போனில."

சப்பாத்து நாடாவைக் கட்டி முடித்தார். கதவைச் சாத்திக்கொண்டு போய்விட்டார். அவர் ஓமென்றும் சொல்லவில்லை, ஏலாதென்றும் சொல்லவில்லை. நான் பெண்ணுக்கு, "அம்மாவை ஊதச் சொல்லும்" என்று செய்தி அனுப்பினேன்.

கலியாண நாள் காலையில் அவர் வேட்டி கட்டி, சால்வை போட்டு, ஒழுங்காகத்தான் வெளிக்கிட்டார். மண்டபத்தில் எங்கட சனம் முந்நூறு பேர், நடுவில் மகனின் ஜேர்மன் சினேகிதர்கள் சேலையும் குர்த்தாவுமாக. எனக்குப் பக்கத்தில் வந்து ஒரு அக்கா, "தாலி கட்டேக்க சங்கு ஊதப்போயினமாம், உண்மையே?" என்று காதுக்குள் கேட்டார். "உண்மைதான் அக்கா, அங்க அது நல்ல சகுனம்" என்றேன். அவர் வாயைக் கோணிக்கொண்டு போனார்.

போனைப் பிடிக்கிற வேலை மாப்பிள்ளைத் தோழனுக்கு. மகனோடு ஒன்றாகப் படித்த, பீலெஃபெல்டிலேயே வளர்ந்த, முப்பது வயதுப் பொடியன். எல்லாம் சொல்லி வைத்திருந்தார்கள். ஒலிபெருக்கியைப் போட்டு, மேளத்துக்கும் மணவறைக்கும் நடுவில் நீட்டிப் பிடிக்கவேண்டும். அழைப்பு எடுத்தாயிற்று. அந்தப் பக்கத்தில் மணியொன்று கிணுங்குவதும், ஒரு பெண் தொண்டையைச் செருமுவதும் கேட்டது. மணவறையில் குனிந்திருந்த பெண்ணின் தோள் அதைக் கேட்டு ஒருதரம் குலுங்கியது.

ஐயர் தாலியை எடுத்து மகனின் கையில் கொடுத்தார். கொடுத்துவிட்டு, "தம்பி, அறுகரிசியைச் சனத்துக்குக் குடும், கெதியாக் குடும்!" என்று தட்டத்தைத் தோழனிடம் நீட்டினார். தாலி ஏறும்போது எல்லாரும் தூவுகிற அந்த அரிசி இன்னும் சபைக்குப் போயிருக்கவில்லை. பெரிய வெண்கலத் தட்டம், இரண்டு கையும் வேண்டும். பாவம், அந்தப் பொடியன் ஒரு கணம் முழித்தான். போனைக் குர்த்தாப் பொக்கற்றுக்குள் போட்டுவிட்டுத் தட்டத்தை வாங்கினான்.

"கெட்டிமேளம், கெட்டிமேளம்!"

தவில் வெடித்தது. அந்தச் சத்தத்துக்குள் எங்கோ, துணிக்குள் பொத்தினமாதிரி, சங்கு கேட்டது. சபையில் வேறு யாருக்கும் அது கேட்டிருக்காது. எனக்குக் கேட்டது. மணவறையில் எனக்குப் பக்கத்தில் இருந்தவருக்கும் கேட்டது.

என் கணவர் எழும்பினார்.

எனக்கு உயிர் போயிற்று. மணவறையில் இருந்த மகன் தாலிக் கொடியைக் கையில் வைத்துக்கொண்டு தகப்பனை நிமிர்ந்து பார்த்தான். அந்த முகத்தை நான் மறக்கமாட்டேன். இவர் மணவறைப் படியால் இறங்கினார். சால்வை தோளால் வழுகி விழுந்தது, எடுக்கவில்லை. அந்த அக்கா பக்கத்தில் இருந்தவருக்கு முழங்கையால் இடித்துக் காட்டினார்.

இவர் வாசல் பக்கம் போகவில்லை. தட்டத்தோடு நின்ற தோழனிடம் போனார். கேட்காமல் கொள்ளாமல் அவனுடைய பொக்கற்றுக்குள் கையை விட்டுப் போனை எடுத்தார். எடுத்துத் தன் தலைக்கு மேலே, கை எட்டும் மட்டும் தூக்கிப் பிடித்தார்.

சங்கு வெளியே வந்தது. கரகரத்து, மூச்சு வாங்கி, நீண்டு. தவில்காரர் ஒருவர் திரும்பிப் பார்த்தார். தாலி ஏறியது. அரிசி பறந்தது. பெண் அழுதுகொண்டு சிரித்தாள். இரண்டாம் தரம் ஊதினார் அந்தத் தாய். மூன்றாம் தரமும் ஊதினார். மூன்றாவதில் மூச்சுக் காணாமல் நடுவில் உடைந்தது.

மேளம் அடங்கிய பிறகும் இவர் கையை இறக்கவில்லை. தோழன் வெட்கப்பட்டு, "அங்கிள், தாங்கோ, நான் பிடிக்கிறன்" என்றான். கொடுக்கவில்லை.

போனுக்குள்ளால் பெண்ணின் தாய் ஏதோ கேட்டார். வங்காள மொழியில் ஒரே சொல். பதில் வராததால் இன்னொரு தரம் கேட்டார், கொஞ்சம் உரத்து. மகள் மணவறையில் இருந்து எழும்ப முடியாமல் தவித்தாள். எங்களில் ஒருவருக்கும் அந்தப் பாஷை தெரியாது. இவருக்கும் தெரியாது.

இவர் போனை வாய்க்குக் கிட்டக் கொண்டுவந்தார்.

"கேக்குது" என்றார் தமிழில். குரல் உடைந்து போயிருந்தது. "ஓம், ஓம், இஞ்ச எல்லாருக்கும் கேக்குது. வடிவாக் கேக்குது."

சொல்லிவிட்டு, அந்தப் பக்கத்திலிருந்து போனை வைக்கும்வரை திரும்பவும் கையைத் தூக்கிப் பிடித்துக்கொண்டு நின்றார்.